இரண்டு பிரேக் வைத்த கார்

என் மருமகன் சென்னையில் ஒரு கம்பெனியில் வேலை செய்கிறார். டிரைவர் இல்லாமல் தானே ஓடும் கார், எந்த நேரத்தில் எந்தப் பக்கம் திரும்ப வேண்டும் என்று கம்ப்யூட்டருக்கு எழுதிக்கொடுக்கிற வேலை. சில வருஷங்களுக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை விழுப்புரத்துக்கு வந்திருந்தவர், சாப்பிட்டுக் கை கழுவிய ஈரம் காய்வதற்குள் தன் போனை என்னிடம் நீட்டினார். அதில் ஒரு படம். பிரேக் பிடிக்காத ஒரு கார். நேரே ரோட்டைக் கடக்கிற இரண்டு பேர். ஓரத்தில் ஒரு சுவர். நேராகப் போனால் அந்த இரண்டு பேரும் சாவார்கள். சுவரில் மோதினால் காருக்குள் இருப்பவர் சாவார். எது என்று விரலால் தொட வேண்டுமாம்.

"யாரு மாப்ள அந்த ரெண்டு பேரு?" என்று கேட்டேன்.

"யாரோ ரெண்டு பேரு அத்தை."

"உள்ள இருக்கிறது?"

"அதுவும் யாரோ ஒருத்தர்."

"யாருன்னே தெரியாம எப்படிங்க சாவடிக்கிறது?"

மடியில் குழந்தையை வைத்துக்கொண்டு சோறு ஊட்டிக்கொண்டிருந்த என் மகள் சிரித்தாள். "இதுல இன்னாம்மா யோசனை? நாம காசு போட்டு வாங்குன காரு நம்மளத்தான காப்பாத்தணும்?" என்று சொல்லி, சோற்றுக் கையின் பின்புறத்தால் படத்தைத் தொட்டுவிட்டாள். ரோட்டைக் கடந்த இரண்டு பேரும் செத்தார்கள். குழந்தை அடுத்த வாய்க்கு வாயைத் திறந்தது.

மருமகன் பொறுமைசாலி. மனிதன் ஓட்டும்போது அந்த நொடியில் யோசிக்க நேரமில்லை, இந்தக் காருக்கு முன்கூட்டியே சொல்லிவைத்துவிடலாம், அதுதான் இதில் வசதி என்றார். அதுதான் பேஜாரு என்றேன் நான். நேரமில்லாமல் ஒருத்தன் எதையாவது செய்துவிட்டால், அவன் தலையெழுத்து, இவன் தலையெழுத்து என்று மூக்கைச் சிந்திப் போட்டுவிட்டுப் போகலாம். வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டு, ஏசி ரூமில் உட்கார்ந்து, இவன் சாகட்டும் என்று எழுதிவைப்பது வேறு சமாச்சாரம். அப்படிச் சொல்லிவிட்டேனே தவிர, போனைத் தொடவில்லை. எனக்குக் கோபம் வந்தால் குரல் ஏறும். அன்றைக்கு ஏறவில்லை. அந்தப் படத்தில் இருந்த கார் எனக்குத் தெரிந்த கார். நான் அதற்குள் உட்கார்ந்திருக்கிறேன்.

1993இல் திண்டிவனத்தில் நானும் என் வீட்டுக்காரரும் டிரைவிங் ஸ்கூல் ஆரம்பித்தோம். ஆண்களுக்கு அவர், பெண்களுக்கு நான். அந்தக் காலத்தில் ஒரு பொம்பளை கார் ஓட்டக் கற்றுத்தருகிறாள் என்றால் டீக்கடையில் கிளாஸைக் கீழே வைத்துவிட்டுப் பார்ப்பார்கள். பார்க்கட்டும் என்று விட்டுவிட்டேன். ஸ்கூல் கார் என்றால் இரண்டு பிரேக் இருக்கும். ஓட்டுபவர் காலடியில் ஒன்று, இடது பக்கம் உட்கார்ந்திருக்கும் என் காலடியில் ஒன்று. ஸ்டியரிங் ஒன்றுதான். ஆனால் கையை நீட்டினால் எனக்கும் எட்டும். ஆகவே அந்தக் காரை ஓட்டுவது யார் என்று கேட்டால், பிரச்சினை இல்லாத வரைக்கும் கற்றுக்கொள்கிறவள், பிரச்சினை வந்தால் நான்.

கற்றுக்கொள்ள வருகிற எல்லோருக்கும் முதல் நாள் ஒன்றைச் சொல்வேன். "வண்டிக்குள்ள ஏத்திக்கினவங்கதான் மொதல்ல உன் பொறுப்பு. அவங்கள ஊடு கொண்டு சேத்துட்டு, அப்புறமா ஊருக்கு நியாயம் பேசு." எல்லோரும் தலையாட்டுவார்கள். ஒருத்திதான் தலையாட்டவில்லை.

அவள் மரக்காணம் பக்கத்துக் கடற்கரைக் குப்பத்துக்காரி. முப்பது வயது இருக்கும். புருஷன் கை, கடலில் கயிறு சுற்றி நசுங்கி, விரல்கள் மடங்காமல் போய்விட்டது. அதற்குமேல் கடலுக்குப் போக முடியாது என்று, இருந்ததை விற்று ஒரு பழைய மீன் வேன் வாங்கினார்கள். அதை ஓட்ட வந்த டிரைவர்கள் ஒருத்தர் மாற்றி ஒருத்தர் சொல்லாமல் கொள்ளாமல் நின்றுவிட்டார்கள். டிரைவர் வராத நாளில் மீன் நாறும். அவளே ஓட்டினால் குடும்பம் பிழைக்கும், இல்லையென்றால் வேனையும் விற்க வேண்டும். இதைச் சொல்லித்தான் சேர்ந்தாள். எனக்கு அவளைப் பிடித்துப்போனது. கியர் போடும்போது பல்லைக் கடிப்பாள். திட்டினால் திருப்பித் திட்டுவாள்.

ஸ்கூல் ஆரம்பித்து நான்கைந்து வருஷம் ஆகியிருந்தபோது நடந்தது இது. தை மாதம். செஞ்சி ரோட்டில் வல்லம் பக்கம் கூட்டிப்போனேன். அவள் ஓட்டினாள், நான் இடது பக்கம், பின் சீட்டில் தன் முறைக்காகக் காத்திருந்த ஒரு டீச்சர். அறுவடை முடிந்த நேரத்தில் அந்த ரோட்டில் உளுந்துச் செடியைப் பாதி ரோட்டுக்குப் பரப்பி, ஓரத்தில் கல் வைத்திருப்பார்கள். போகிற வண்டியெல்லாம் ஏறி ஏறி உளுந்து உதிர்ந்துவிடும். அடிக்கக் கூலியாள் தேவையில்லை. வண்டி வந்தால் ஒதுங்கி நின்று "ஏத்திக்கினு போ, ஏத்திக்கினு போ" என்று கை காட்டுவார்கள். போனதும் வந்து செடியைப் புரட்டிப்போடுவார்கள். எங்கள் பக்கத்தில் இது யாருக்கும் சொல்லித்தரத் தேவையில்லாத விஷயம். அதனால் நானும் அவளுக்குச் சொல்லித்தரவில்லை.

கடற்கரைக்காரிக்கு அது தெரியாது. ஒருத்தன் பாடுபட்டு விரித்துவைத்ததன் மேல் வண்டி ஏற்றலாமா? கடலில் வலை விரித்திருந்தால் சுற்றிக்கொண்டுதான் போவார்கள். அவளும் சுற்றிக்கொண்டு போனாள். வண்டியை வலது பக்கம் ஒடித்து, எதிர் வண்டி வருகிற பாதியில் ஏற்றிவிட்டாள். ஒதுங்கி நின்ற கிழவரும் அவர் மனைவியும், இந்தக் கார் நம் செடி மேல் வரப்போவதில்லை என்று புரட்டுக் கம்போடு மறுபடி நடுவே இறங்கினார்கள். "மேலயே ஏத்துடீ" என்று நான் கத்துவதற்குள் வளைவில் இருந்து பஸ் வந்துவிட்டது.

முன்னால் பஸ். இடது பக்கம் செடியும் இரண்டு மனிதர்களும். வலது பக்கம் மதகுச் சுவர். அவள் வலது பக்கம் ஒடித்தாள். தெரியாமல் ஒடிக்கவில்லை. சுவரைப் பார்த்துத்தான் ஒடித்தாள். நான் கையை நீட்டி ஸ்டியரிங்கைப் பிடித்து இடது பக்கம் இழுத்தேன், என் பிரேக்கை மிதித்தேன். காய்ந்த உளுந்துச் செடி மேல் பிரேக் என்ன செய்யும்? எண்ணெய் தடவிய தரை மாதிரி கார் வழுக்கிக்கொண்டு போனது. மனைவி விலகிவிட்டார். கிழவர் காலில் கார் ஏறியது.

காருக்குள் எங்கள் மூன்று பேருக்கும் ஒரு கீறல் இல்லை. டீச்சர் என் கையைப் பிடித்துக்கொண்டு, நீங்கள்தான் எனக்கு சாமி என்றார். குப்பத்துக்காரி இறங்கி ஓடிப்போய் கிழவர் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு, அங்கிருந்தபடியே என்னைப் பார்த்துக் கத்தினாள்.

"நான் அந்தப் பக்கம்தான ஒடிச்சேன்? நீங்க இன்னாத்துக்குக்கா இழுத்தீங்க?"

போலீஸ் ஸ்டேஷனில் யார் ஓட்டியது என்று கேட்டார்கள். நான்தான் என்றேன். டிரைவர் சீட்டில் அந்தப் பெண்தானே இருந்தது என்றார்கள். சீட் அவளுடையது, கை என்னுடையது என்று சொன்னேன். எழுதுகிறவர் பேனாவை வைத்துவிட்டு, கூட வந்திருந்த என் வீட்டுக்காரர் முகத்தைப் பார்த்தார். இரண்டையும் சேர்த்து எழுதத் தெரியவில்லை அவருக்கு. கேஸ் நடந்தது, இன்சூரன்ஸ் வந்தது, அந்த விஷயம் சட்டப்படி முடிந்தது.

ஆஸ்பத்திரிக்கு ரொட்டியும் சாத்துக்குடியும் வாங்கிக்கொண்டு போனேன். கிழவர் கண்ணை மூடிப் படுத்திருந்தார். அவர் மனைவி பையை வாங்கிக் கீழே வைத்துவிட்டு ஆரம்பித்தார்.

"அந்தப் பொண்ணு அந்தாண்ட திருப்புச்சி. என் ரெண்டு கண்ணால பாத்தேன். நீதான் இந்தாண்ட இட்டுக்கினு வந்த. காருக்குள்ள கீறதுதான் உசுரா? நாங்க இன்னா உளுந்துத் தோலா?"

"நடு ரோட்டுல களம் போட்டது யாரு?" என்று நானும் கத்தினேன். நர்ஸ் வந்து இரண்டு பேரையும் வெளியே தள்ளிவிட்டார். வராந்தாவில் சிறிது நேரம் முறைத்துக்கொண்டு நின்றோம். பிறகு அந்த அம்மா, அவருக்கு சாத்துக்குடி ஆகாது, சளி பிடிக்கும் என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். கிழவர் பிழைத்தார். கடைசி வரை காலை இழுத்துத்தான் நடந்தார். செஞ்சி ரோட்டில் போகும்போது இரண்டொரு முறை பார்த்திருக்கிறேன். நான் செய்தது சரி என்றுதான் அப்போதும் நினைத்தேன். அவரைப் பார்த்ததும் வண்டியை ஓரங்கட்டி, அவர் நடந்து போகும் வரை நிறுத்திவைப்பேன். இரண்டும் சேர்ந்தே இருந்தன.

குப்பத்துக்காரி அதற்குப் பிறகு ஸ்கூலுக்கு வரவில்லை. இரண்டு வாரம் பார்த்துவிட்டு நானே பஸ் ஏறிப் போனேன். வேன் வீட்டு வாசலில் நின்றிருந்தது. மேலே வலை காய்ந்தது. விற்க ஆள் பார்த்துக்கொண்டிருப்பதாக அவள் புருஷன் சொன்னார். இன்னொருத்தர் கை வருகிற வண்டியில் உட்கார மாட்டேன் என்றாளாம்.

"இருக்கிற மூணு பேரும் சுவத்துல மோதிச் செத்திருப்போம்டீ. டீச்சருக்குப் புள்ள குட்டி இருக்குது. உனக்கு இருக்குது" என்றேன்.

"மோதியிருந்தா மோதியிருக்கட்டும்க்கா. கடல்ல வலை உட்டுக்கினு நிக்கிறவன் நவுர முடியாது. இஞ்சின் போட்டுக்கினு ஓடறவன்தான் சுத்திக்கினு போவணும். வலை அறுந்தா எங்க பஞ்சாயத்துல யாரு மேல தப்புன்னு கேக்க மாட்டாங்க. யாரு ஓடிக்கினு இருந்ததுன்னுதான் கேப்பாங்க. அந்தப் பெரியவரு நின்னுக்கினு இருந்தாரு. நாமதான ஓடனோம்?"

"அது கடலு. இது ரோடு."

"மனுசன் ஒண்ணுதானக்கா?"

எனக்குச் சுர்ரென்று ஏறியது. உயிரைக் காப்பாற்றியவளுக்கு இதுதான் மரியாதையா? செத்திருந்தால் இந்த நியாயத்தைப் பேச வாய் இருந்திருக்குமா? எல்லாவற்றையும் கேட்டேன். அவள் மீன் கழுவிக்கொண்டே கேட்டுக்கொண்டாள். அவள் புருஷன், மடங்காத விரல்களோடு எனக்கு டீ டம்ளரை இரண்டு கையாலும் பிடித்து நீட்டினார். அதை வாங்கும்போது என் கோபம் போய்விட்டது. வேன் விற்றுப்போனால் இந்தக் குடும்பம் என்ன ஆகும்?

கடைசியில் நான்தான் இறங்கிவந்தேன். உன் வண்டியில் நான் கை வைக்க மாட்டேன், கால் வைக்க மாட்டேன், வா என்றேன். நம்பவில்லை. அதனால் மறுநாளிலிருந்து அவளுக்கு நடத்திய வகுப்பில் எல்லாம் செருப்பைக் கழற்றிவிட்டு, இடது பக்க சீட்டின் மேல் சம்மணம் போட்டு உட்கார்ந்தேன். இரண்டு கையையும் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டேன். திண்டிவனம் பஜாரில் அந்தக் கோலத்தில் போனேன். பார்த்தவர்கள் எல்லாம் யாகத்துக்கு உட்கார்ந்த மாதிரி இருக்கிறீர்கள் என்று கிண்டல் செய்தார்கள். என் வீட்டுக்காரர் தலையில் அடித்துக்கொண்டார். என் உயிரை அப்படி இன்னொருத்தர் கையில் நான் கொடுத்ததே இல்லை, கல்யாணத்தைத் தவிர. அவள் நன்றாக ஓட்டினாள். லைசென்ஸ் வாங்கினாள். வேனில் முதல் நடை மீன் ஏற்றி வந்த நாளில், ஸ்கூல் வாசலில் நிறுத்தி ஒரு பெரிய வஞ்சிரத்தைக் கொண்டுவந்து வைத்தாள். அதிலிருந்து நீ, வா, போ என்று என்னிடம் பேச ஆரம்பித்தாள். எனக்கு அது பிடித்திருந்தது.

அப்புறம் பத்து வருஷத்துக்கு மேல் அவள் மரக்காணம் ரோட்டில் ஓட்டினாள். அந்த வேன் போய் வேறு வேன் வந்தது. புருஷன் எப்போதும் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து வருவார். ஐஸ் பெட்டியைப் பார்த்துக்கொள்ள என்று பேர். உண்மையில் பேச்சுத்துணைக்கு. ரோட்டில் எதிரே வந்தால் அவர்தான் முதலில் எனக்குக் கை காட்டுவார். மடங்காத கை என்பதால் எப்போதும் முழுசாக விரிந்த கை. அவள் ஹாரனை ஒரு முறை தட்டுவாள். எங்கள் இரண்டு பேருக்கும் அந்தப் பழைய வாதம் முடியவில்லை. எங்காவது டீக்கடையில் உட்கார்ந்தால் திரும்ப எடுப்போம். உள்ளே இருப்பவர்கள் என்பேன் நான். நிற்பவர்கள் என்பாள் அவள். புருஷன் சிரித்துக்கொண்டே, "உள்ள ஒக்காந்துக்கினு போறவன் நான். என்னை ஒரு வார்த்தை கேக்கறீங்களா ரெண்டு பேரும்?" என்பார். நாங்களும் சிரிப்போம்.

ஒரு காலையில் என் வீட்டுக்காரர் போனில் கேட்டுவிட்டு வந்து சொன்னார். மரக்காணம் ரோட்டில், மீன் இறக்கிவிட்டுத் திரும்பும்போது, எதிரே ஒரு லாரி இன்னொரு லாரியை முந்திக்கொண்டு இவள் பக்கம் வந்துவிட்டது. இடது ஓரத்தில் உப்பளத்து வேலைக்குப் போகிற இரண்டு பெண்கள் கூடையோடு நடந்துகொண்டிருந்தார்கள். ரோட்டை விட்டு இறங்கி நேராகப் போயிருந்தால் அவர்கள் மேல் போயிருக்கும். அவர்கள் வரைக்கும் போக விடாமல், முன்னதாகவே இன்னும் இடது பக்கம் ஒடித்துப் பனைமரத்தில் மோதிவிட்டாள். மரத்தில் நசுங்கியது வேனின் இடது பக்கம். அவளுக்கு நெற்றியிலும் கையிலும் அடி. பக்கத்து சீட்டில் இருந்தவர் அங்கேயே போய்விட்டார்.

மருமகனிடம் இவ்வளவும் சொன்னேன். கடைசியில் அவர், வேன் ஓட்டிய அந்த அம்மா தான் செய்தது சரி என்று நினைக்கிறார்களா, தப்பு என்று நினைக்கிறார்களா என்று கேட்டார். அவருக்கு ஒரு பக்கம் தேவைப்பட்டது. எழுதுகிறவர்களுக்கு அது தேவைதான், அவரைக் குறை சொல்ல மாட்டேன். நான் அன்றைக்கு சாவு வீட்டில் நடந்ததைச் சொன்னேன். சொன்ன பிறகு அவர் போனைப் பையில் போட்டுக்கொண்டார்.

நான் போய்ச் சேர்ந்தபோது எடுத்துவிட்டிருந்தார்கள். ஆண்கள் இன்னும் சுடுகாட்டிலிருந்து திரும்பவில்லை. பந்தலில் பெண்கள் மட்டும் இருந்தார்கள். அவள் நெற்றியில் கட்டோடு, சுவரில் சாய்ந்து, காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். அழுது முடித்த முகம். நான் போய்க் கட்டிக்கொண்டு அழுதேன். அவள் என் முதுகைத் தட்டிக்கொடுத்தாள். பந்தலின் ஓரத்தில், யாரோடும் சேராமல், இரண்டு பெண்கள் ஒருத்தியை ஒருத்தி ஒட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். காலில் வெள்ளை வெள்ளையாக உப்பு காய்ந்திருந்தது. அவர்கள்தான் என்று பக்கத்தில் இருந்த ஒரு அம்மா எனக்குச் சொன்னார். காலையிலிருந்து அங்கேயே இருக்கிறார்களாம். போகவும் தெரியவில்லை, கிட்டே வரவும் தெரியவில்லை. இவள்தான் அவர்களுக்குத் தண்ணீர் கொடுக்கச் சொன்னாளாம்.

கொஞ்ச நேரம் கழித்து அவள் என்னைப் பார்த்தாள். குரலைத் தாழ்த்தவில்லை. பந்தல் முழுக்கக் கேட்டது.

"அக்கா, நீ என் பக்கத்துல ஒக்காந்துக்கினு இருந்திருந்தா, இழுத்திருப்ப இல்ல?"

என்னால் பொய் சொல்ல முடியவில்லை. "ஆமாண்டீ" என்றேன்.

அவள் என் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்துக்கொண்டே இருந்தாள். அந்த இரண்டு பெண்களும் எங்களைப் பார்த்துக்கொண்டுதான் உட்கார்ந்திருந்தார்கள்.